வெஸ்ஸானியின் சொந்தக் குரல்

சினிமாவில் பார்க்கிற சேறு, சேறு இல்லை. நிஜச் சேற்றைக் குழியில் கொட்டினால் கேமராவுக்கு அது தார் மாதிரி தெரியும். நடிகருக்கு அரிப்பும் வரும். நாங்கள் தண்ணீரில் தக்கைத் தூளும் கோதுமைத் தவிடும் கலப்போம். நிறத்துக்குக் கொக்கோ. குளிர்காலமாக இருந்தால் வெந்நீர் ஊற்றிக் கலக்குவோம். அப்போது எழுகிற வாசனைக்கு, குழி ஓரத்தில் நிற்கிறவர்களுக்குப் பசி எடுக்கும்.

நீங்கள் கேட்டது அந்தக் குழியைப் பற்றி என்பதால் அங்கிருந்து தொடங்கினேன், ஐயா. டைப் அடிப்பவர் வேண்டாம், என் கையாலேயே எழுதுகிறேன் என்றதற்கு நீங்கள் சரி என்றீர்கள். நன்றி. நான் எழுத்துக் கற்றது ஐம்பது வயதை ஒட்டி. யூனியன் சண்டை போட்டு வாங்கித் தந்த படிப்பு நேரத்தில், கொத்தனார்களோடும் பால்காரர்களோடும் ஒரே பெஞ்சில் உட்கார்ந்து கற்றேன். கொர்ராதோ வெஸ்ஸானி இறந்த பிறகு என் மாலைப் பொழுதுகள் காலியாகிவிட்டன. ஏதாவது செய்ய வேண்டியிருந்தது. எழுத்து கோணலாக இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

வெஸ்ஸானியின் முகம் உங்களுக்கு நினைவு வராமல் போகலாம், நீங்கள் இளையவர். உங்கள் அம்மாவைக் கேளுங்கள். போர் முடிந்து பத்துப் பதினைந்து வருஷம் அந்த முகம் ஒட்டாத சுவர் ரோமில் இல்லை. வடக்கே போ என்கிற ஆறு கடலில் கலக்கிற சதுப்பில் விலாங்கு பிடிப்பவரின் மகன் அவர். ரோமுக்கு வந்தது கட்டட வேலைக்கு. ஏதோ ஒரு சரித்திரப் படத்தில் ஈட்டி பிடித்து நிற்க உயரமான ஆட்கள் வேண்டும் என்று சாரத்திலிருந்து இறக்கிக் கூட்டிப் போனார்கள். சில நாளில் டைரக்டர் அவர் கையிலிருந்த ஈட்டியை வாங்கி வேறொருவனிடம் கொடுத்துவிட்டு அவரைக் குதிரையில் ஏற்றினார். அதற்குப் பிறகு அவர் இறங்கவே இல்லை என்றுதான் எல்லாரும் நினைத்தார்கள்.

அந்தக் காலத்தில் நாங்கள் படப்பிடிப்பில் ஒலி பிடிப்பதில்லை. கேமரா ஓடும்போதே டைரக்டர் ஒலிபெருக்கியில் கத்துவார், பக்கத்துத் தளத்தில் தச்சர்கள் ஆணி அடிப்பார்கள், ஜெனரேட்டர் இரையும். நடிகர் வாயை அசைத்தால் போதும். குரலைப் பிறகு இருட்டறையில் நின்று வேறு ஆள் கொடுப்பார். வெஸ்ஸானிக்குக் குரல் கொடுத்தவர் கான்தினி என்பவர். குட்டை, வழுக்கை, எந்நேரமும் வாயில் புதினா மிட்டாய். ஆனால் வாயைத் திறந்தால் பெரிய கோயில் மணி. இந்த நாட்டுப் பெண்கள் காதலித்தது வெஸ்ஸானியின் முகத்தையும் கான்தினியின் தொண்டையையும். இரண்டும் ஒரே ஆளிடம் இல்லை என்பது அவர்களுக்குத் தெரியாது.

வெஸ்ஸானியின் சொந்தக் குரல் மெலிந்தது. கொஞ்சம் மூக்கில் ஏறும். சதுப்புக்காரர்களின் இழுவை அதில் ஒட்டிக்கொண்டே இருந்தது. யாரும் கேட்கப் போவதில்லை என்பதால் படப்பிடிப்பில் அவர் வசனம் பேசமாட்டார். சில நடிகர்கள் ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணுவார்கள். இவர் மீன் பெயர்களைச் சொல்வார். கதாநாயகியின் தாடையைப் பிடித்துக் கண்ணுக்குள் பார்த்து, விலாங்கு, மத்தி, கணவாய், நெத்திலி என்று தம் ஊர்ப் பேச்சில் முணுமுணுப்பார். தியேட்டரில் அதே இடத்தில் கான்தினி, உன் கூந்தலின் நிழலில் நான் சாகச் சம்மதம் என்பார். ஜனங்கள் கைக்குட்டையை எடுப்பார்கள். ஒரு நடிகை மட்டும் தாங்கமுடியாமல் சிரித்து, இந்த ஆளு முத்தம் கொடுக்க வர்றாரா மீன் விக்க வர்றாரா என்று கேட்டு ஷாட்டைக் கெடுத்தாள்.

நான் கேமரா வண்டிக்குத் தண்டவாளம் போடுகிறவன், மேடை கட்டுகிறவன், கயிறு இழுக்கிறவன். கேமராவுக்கு அடியிலேயே குனிந்து வேலை செய்வதால், அவர் பேசுவது எனக்கு முழுதாகக் கேட்கும். ஒருநாள் வெளிப்புறப் படப்பிடிப்பில், மதியச் சாப்பாட்டுக் கூடையை வாங்கிக்கொண்டு அவர் யாரும் இல்லாத பக்கமாகப் போய் உட்கார்ந்திருந்தார். நான் தண்டவாளத்தைத் துடைத்துக்கொண்டிருந்தேன்.

"நீதானே கேமராவுக்குக் கீழ இருந்த ஆளு?" என்றார். "என் குரலைக் கேட்டா உனக்குச் சிரிப்பு வரலையா?"

"எங்க மாமா கழுதைய ஓட்டும்போது இதைவிட மோசமாக் கத்துவாரு, ஸோர் கொர்ராதோ. கழுதைங்க நின்னு கேக்கும்."

ரோமில் மரியாதையான ஆளைத் தொழிலாளிகள் ஸோர் என்போம். அவர் ரொம்ப நேரம் சிரித்தார். பிறகு தம் கூடையிலிருந்த கோழித் துண்டை என் கூடையில் வைத்தார். ஒரு மனிதனோடு அவர் பயமில்லாமல் பேசி வெகுநாளாகியிருந்தது என்று பிறகு சொன்னார். எனக்கும் அப்படித்தான். எனக்குக் கல்யாணம் ஆகவில்லை. ரோமின் ஓரத்தில், குவத்ராரோ பகுதியில் ஒரு வாடகை அறை. பெற்றோர் போரில் இறந்துவிட்டார்கள்.

அதன்பிறகு அவருடைய ஒப்பந்தம் எல்லாவற்றிலும், பெர்த்தோவும், அதாவது நானும், வர வேண்டும் என்று ஒரு வரி இருக்கும். காரையும் நானே ஓட்டினேன். சீட்டாடினோம். அவருக்குச் சோளக்களி கிண்டக் கற்றுக்கொண்டேன். ரோமில் பிறந்தவன் அதைச் சாப்பாடு என்றே ஒப்புக்கொள்ளமாட்டான். எலக்ட்ரீஷியன் ரிக்கெத்தோ என்னைக் கண்டாலே, வெஸ்ஸானி வீட்டம்மா வந்தாச்சு, எல்லாரும் எந்திரிங்கப்பா என்பான். நான் கோபப்பட்டதில்லை. சொல்லப்போனால் எனக்குப் பிடித்திருந்தது.

வெளியே அவர் வாயைத் திறக்கமாட்டார். ஹோட்டலில் என்ன வேண்டும் என்று நான்தான் சொல்வேன், அவர் தலையசைப்பார். அதைப் பெரிய மனிதனின் கம்பீரம் என்று பத்திரிகைகள் எழுதின. வானொலிப் பேட்டிக்கு கான்தினியை அனுப்பினார்கள். ஒருமுறை அவருக்கு விருது கொடுத்தார்கள். கழுத்தில் பட்டுத் துணி சுற்றிக்கொண்டு மேடை ஏறி, தொண்டையைத் தொட்டுக் காட்டி, நெஞ்சில் கைவைத்துக் குனிந்தார். அரங்கமே எழுந்து நின்று கைதட்டியது. திரும்பி வரும்போது காரில் பின்சீட்டில் அந்த வெண்கலப் பொம்மையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

"நான் பேசியிருந்தா அவ்ளோ மோசமாவாடா இருந்திருக்கும், பெர்த்தோ?"

கொஞ்சம் மோசமாத்தான் இருந்திருக்கும் என்றேன். நண்பன் உண்மை சொல்ல வேண்டும்.

அவருக்கு மனைவி இருந்தாள். லோரெதானா. அவளும் நடிகைதான். இரண்டு வருஷத்தில் போய்விட்டாள். விளக்கை அணைத்துவிட்டு நீங்க பேசினா யாரோ வேற ஆளு பக்கத்துல படுத்திருக்க மாதிரி இருக்கு என்று அவள் சொன்னதாக அவரே என்னிடம் சொன்னார். அன்றைக்கு நான் விடியும்வரை அவரோடு இருந்தேன். அவர் பேசப் பேசக் கேட்டுக்கொண்டிருந்தேன். அப்பாவின் படகு, பனியில் வலை உறைவது, சின்ன வயதில் இறந்த தங்கை. இத்தனை லட்சம் பேர் பைத்தியமாக அலைகிற அந்த மனிதரின் நிஜக் குரலைக் கேட்கிறவன் இந்த உலகத்தில் நான் ஒருவன் என்று அப்போது தோன்றியது. ஐயா, நீங்கள் தொழிலாளி வீட்டுப் பிள்ளையாக இருந்தால் புரியும். எனக்கென்று தனியாக எதுவும் இருந்ததில்லை. போட்டிருந்த மேல்கோட்டுகூட இறந்துபோன இன்னொருவனுடையது.

அதனால் நான் அதைப் பத்திரமாகப் பார்த்துக்கொண்டேன்.

ஒருமுறை தம் குரலிலேயே ஒரு படம் பேசிப் பார்க்க வேண்டும் என்று அவருக்கு ஆசை வந்தது. தயாரிப்பாளருக்கு மனமில்லை, இருந்தாலும் ஒரு காலைப் பொழுது ஒலிப்பதிவு அறையைக் கொடுத்தார். அவர் உள்ளே, கண்ணாடிக்கு அந்தப் பக்கம். நான் இந்தப் பக்கம், ஒலிப்பதிவாளர்களோடு. ஒரு அப்பா தன் மகனைப் புதைத்துவிட்டு வந்து பேசுகிற காட்சி. அவர் பேசினார். வெளியே வந்ததும் நெற்றியைத் துடைத்துக்கொண்டு நேராக என்னிடம் வந்தார். அவங்க என்ன சொன்னாங்க என்றார். சிரிச்சாங்க என்றேன். எல்லாருமா என்றார். எல்லாரும்தான், ஆனா கெட்ட எண்ணத்துல இல்ல என்றேன்.

யாரும் சிரிக்கவில்லை. ஒரு ஒலிப்பதிவாளர் சிகரெட்டைப் பற்றவைக்க மறந்து அதைக் கையிலேயே வைத்துக்கொண்டிருந்தார். இன்னொருவர் எழுந்து ஜன்னல் பக்கம் போய் நின்றுகொண்டார். தயாரிப்பாளரிடம், ஸோர் கொர்ராதோவுக்கு இது திருப்தி இல்லையாம், மறந்துவிடச் சொன்னார் என்று நானே சொல்லிவிட்டேன். தயாரிப்பாளருக்கு அது நிம்மதி. அதற்குப் பிறகு பன்னிரண்டு வருஷம் வெஸ்ஸானி அந்தப் பேச்சை எடுக்கவில்லை.

அதற்கு முன்னால் ஒரு பழைய நாடக நடிகையிடம் உச்சரிப்புப் படிக்கப் போய்க்கொண்டிருந்தார். சிஞ்ஞோரா இனேஸ் என்று பெயர், விதவை, நல்ல மனுஷி. வாரம் இருமுறை அங்கே போய்விட்டு வரும்போது அவர் காரில் பாட்டு முனகுவார். நான் ஒருநாள் கீழே காத்திருக்காமல் மேலே போய், நீங்க பேசுற மாதிரியே பேசிக்காட்டி அவரு செட்ல எல்லாரையும் சிரிக்க வைக்கிறாரு, அம்மா என்றேன். மறுவாரம் அவள் கதவைத் திறக்கவில்லை. ஏன் என்று அவருக்குக் கடைசிவரை புரியவில்லை. இதெல்லாம் சின்ன விஷயங்கள். நீங்கள் கேட்கவும் இல்லை. ஆனால் ஒரு மனிதனை நான் எவ்வளவு கவனமாகப் பார்த்துக்கொண்டேன் என்பது தெரிய வேண்டும் என்பதற்காக எழுதுகிறேன்.

வயசானபோது படங்கள் சின்னதாயின. கத்திச் சண்டைப் படம், பிறகு தொப்பியும் துப்பாக்கியும். நாயகனாக இருந்தவர் வில்லனானார். வில்லனான பிறகும் குரல் கான்தினியுடையதுதான். சம்பளம் குறைந்தது, போன் வருவது நின்றது. மாலையில் நாங்கள் இருவரும் பால்கனிக் கதவைத் திறந்து வைத்துக்கொண்டு சீட்டாடுவோம். அவருக்கு அந்த வருஷங்கள் கஷ்டமானவை. எனக்கு அவை நல்ல வருஷங்கள்.

அப்போதுதான் தாரியோ என்கிற இளைஞர் தூரினிலிருந்து வந்தார். கண்ணாடி, தாடி, கசங்கிய சட்டை. ஒரே ஒரு படம் எடுத்தவர். தெருவில் ஒரு லாரி சேற்றை வாரி அடித்தபோது வெஸ்ஸானி தம் ஊர்ப் பேச்சில் அந்த டிரைவரின் ஏழு தலைமுறையையும் திட்டியிருக்கிறார். தாரியோ பக்கத்துக் காப்பிக் கடையில் நின்று கேட்டிருக்கிறார். பின்னாலேயே வீட்டுக்கு வந்துவிட்டார். விலாங்கு பிடிக்கிற ஒரு கிழவரைப் பற்றி அவரிடம் கதை இருந்தது. சதுப்பிலேயே படமெடுக்க வேண்டும், அங்கேயே ஒலி பிடிக்க வேண்டும், வேறு யாரும் குரல் கொடுக்கக் கூடாது.

"கான்தினி வேண்டாமா?" என்று வெஸ்ஸானி கேட்டார்.

"அந்த மணி ஓசை யாருக்குங்க வேணும்? இப்ப பேசுறீங்களே, இது வேணும். இத்தனை வருஷமா இதை எங்க ஒளிச்சு வச்சிருந்தீங்க?"

நான் காப்பித் தட்டோடு நின்றுகொண்டிருந்தேன். வெஸ்ஸானி என்னைப் பார்த்தார். நான் என்ன சொல்வேன் என்று பார்த்தார். நான் கப்புகளை வைத்துவிட்டு உள்ளே போய்விட்டேன்.

மறுநாளே கையெழுத்துப் போட்டார். நான் காரில் அவரிடம் பக்குவமாகப் பேசிப் பார்த்தேன். அந்தப் பையன் உங்களைக் கோமாளி ஆக்கிடுவான், ஜனங்க காசு கொடுத்து வந்து சிரிப்பாங்க என்றேன். சிரிச்சா சிரிக்கட்டும்டா, என்னைப் பாத்துச் சிரிக்கட்டும், கான்தினியக் கேட்டு அழுததெல்லாம் போதும் என்றார். அவர் என் பேச்சைத் தட்டியது அதுதான் முதல் தடவை.

அப்போது மக்கரேஸே பக்கத்துக் கடலோரத்தில் ஒரு மலிவான சாகசப் படத்தில் வேலை நடந்துகொண்டிருந்தது. அவருக்கு மிச்சம் இருந்தது சாவுக் காட்சி ஒன்றுதான். அதை முடித்துவிட்டு நேராகச் சதுப்புக்குப் போவதாகத் திட்டம். முந்தின நாள் மாலை குழிப் பக்கம் என்னைத் தேடி வந்தார். நான் தவிடு கலக்கிக்கொண்டிருந்தேன். வாளியைக் கவிழ்த்துப் போட்டு உட்கார்ந்தார்.

"பெர்த்தோ, அந்தப் பையன் கிட்ட மொத்தமே எட்டு ஆளுதான். உன்னைச் சேத்துக்க முடியாதுங்கறான்."

பரவாயில்லை என்றேன்.

"படம் முடிஞ்சாலும் நான் அங்கேயே இருந்திடலாம்னு பாக்குறேன். அக்கா வீடு இருக்கு. அங்க எல்லாரும் என்னை மாதிரிதான் பேசுவாங்க. வாயத் தொறந்தா யாரும் திரும்பிப் பாக்கமாட்டாங்க." தவிட்டை ஒரு கை அள்ளிப் பார்த்தார். "காரை நீயே வச்சுக்க. உனக்கும் வயசாகுது. எனக்காக எத்தனை நாளு பேசியிருக்கே. இனிமே நீயும் கொஞ்சம் வாய மூடிட்டு ஓய்வெடு."

நல்ல மனதோடுதான் சொன்னார். என் தோளைத் தட்டிவிட்டு எழுந்து போனார். போகும்போது வழியில் நின்ற ரிக்கெத்தோவிடம் தம் குரலில், சத்தமாக, நாளைக்கு வெயில் வருமா மழையா என்று கேட்டார். பதினெட்டு வருஷத்தில் செட்டில் வேறு யாரிடமும் அவர் அப்படிப் பேசி நான் பார்த்ததில்லை. ரிக்கெத்தோ சாதாரணமாக, மழை வராதுங்க, ஸோர் கொர்ராதோ என்றான். சிரிக்கவில்லை. ஆச்சரியப்படவும் இல்லை. அதை நான் பார்த்துக்கொண்டே இருந்தேன்.

இனி நீங்கள் கேட்டதற்கு வருகிறேன்.

குழிக்குள் ஒரு மரப்பலகை இருக்கும். நாலு மூலையிலும் கயிறு. நாலு கயிறும் குழி ஓரத்து உருளை வழியாக, நாணல் தட்டிக்குப் பின்னால் மறைத்து வைத்திருக்கிற வின்ச் என்ற கயிறு சுற்றும் எந்திரத்துக்குப் போகும். கைப்பிடியை ஒரு பக்கம் சுற்றினால் பலகை இறங்கும், மறுபக்கம் சுற்றினால் ஏறும். கலவை கனமானது, ஆளை மேலே தள்ளும். அதனால் நடிகரின் பூட்ஸைப் பலகையோடு தோல்வாரால் இறுக்கிக் கட்டுவோம். கேமராவில் ஆள் தானாகப் புதைகிற மாதிரி தெரியும். கழுத்துவரைதான் வெஸ்ஸானி இறங்க வேண்டும். தலை மூழ்குவதை மறுநாள் அவருக்குப் பதில் சண்டைக்காரர் ஒருவரை வைத்து எடுப்பதாக இருந்தது. கழுத்தளவு வந்ததும் நிறுத்துவதற்காகக் கயிற்றில் சிவப்புத் துணி கட்டியிருந்தோம். அது உருளையைத் தொட்டால் நான் கையை எடுத்துவிட வேண்டும்.

எனக்கும் அவருக்கும் ஒரு சைகையும் இருந்தது. விரித்த கை என்றால் நடிப்பு. முஷ்டி மடக்கினால் தூக்கு. அதை வேறு யாரும் கவனிக்கத் தேவையில்லை. வின்ச் என் கையில்தானே இருக்கிறது.

அவர் போன பிறகு நான் அந்தச் சிவப்புத் துணியை அவிழ்த்து, உருளையிலிருந்து இன்னும் ஒரு முழம் தள்ளிக் கட்டினேன். ஏன் என்று அப்போது என்னை நானே கேட்டுக்கொள்ளவில்லை. வாளியைக் கழுவி வைத்துவிட்டு அறைக்குப் போய்த் தூங்கினேன். நன்றாகத்தான் தூங்கினேன்.

மறுநாள் காலை வெயில் அடித்தது. அவருடைய பூட்ஸுக்கு வார் கட்டியது நான்தான். இறுக்கமா இருக்கா என்று கேட்டேன். இருக்கு, கடைசித் தடவைதானே என்றார். டைரக்டர் ஒலிபெருக்கியை எடுத்தார். ஜெனரேட்டர் ஓடியது. நான் தட்டிக்குப் பின்னால் போய்க் கைப்பிடியைப் பிடித்தேன். நாணலுக்கு நடுவில் குழி நன்றாகத் தெரியும்.

இடுப்பு வரை, மார்பு வரை, அவர் எப்போதும் போல மீன்களைச் சொல்லிக்கொண்டிருந்தார். முகத்தில் சாவு பயம், வாயில் விலாங்கும் மத்தியும். கழுத்துக்கு வந்ததும் நிறுத்துவேன் என்று காத்திருந்தார். கலவை தாடையைத் தொட்டது. மீன் பெயர் நின்றது. "பெர்த்தோ, போதும்" என்றார். பிறகு "பெர்த்தோ, தூக்கு." கையை உயர்த்தி முஷ்டியை மடக்கினார்.

சுற்றி முப்பது நாற்பது பேர் நின்றிருந்தார்கள். அவருடைய குரல் எல்லார் காதிலும் விழுந்தது. ஆனால் அவர் கேமரா முன்னால் எதையாவது உளறுவது எல்லாருக்கும் பழகிப்போன விஷயம். சினிமாக்காரனுக்குப் படம் ஓடும்போது காது கிடையாது. டைரக்டர் ஒலிபெருக்கியில், பிரமாதம், அவரே முழுசாப் போறார், யாரும் அசையாதீங்க, கேமராவ நிறுத்தாத என்று கத்தினார். பெரிய நடிகன் பெரிய நடிகன்தான்யா என்று பக்கத்தில் யாரோ சொன்னார்கள்.

நான் சுற்றிக்கொண்டே இருந்தேன். துணி இன்னும் உருளையைத் தொடவில்லை. நான் அதையே பார்த்துக்கொண்டிருந்ததாக அப்போதைய விசாரணையில் சொன்னேன். பார்க்கவில்லை. அவரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். அவரும் நாணல் இடுக்கில் என்னைப் பார்த்தார். அவர் கூப்பிட்டது என் பெயரை, திரும்பத் திரும்ப. வாய் மூடும்வரை. கடைசியில் கை மட்டும் வெளியே இருந்தது. முஷ்டி மெல்ல விரிந்தது. அதற்குத்தான் அவர்கள் கைதட்டினார்கள்.

டைரக்டர் கட் சொன்னதும் நான் பல்சக்கரத்துக்குள் ஒரு ஆணியைச் செருகிவிட்டு, வின்ச் மாட்டிக்கிச்சு என்று குரல் கொடுத்தேன். ரிக்கெத்தோதான் முதலில் குழிக்குள் குதித்தான். வாரை அறுக்கக் கத்தி தேடினார்கள். எல்லாரும் நன்றாகப் பாடுபட்டார்கள். யார் மேலும் குறை சொல்ல முடியாது. விபத்து என்று முடிவானது. எனக்கு ஆறுதல் சொல்ல வந்தவர்கள்தான் அதிகம்.

அடக்கத்தன்று கோயிலில் கான்தினியை ஜெபம் வாசிக்கச் சொன்னார்கள். அவர் மிட்டாயைத் துப்பிவிட்டு வாயைத் திறந்ததும் பெண்கள் சவப்பெட்டியைத் திரும்பிப் பார்த்தார்கள். ஒருத்தி மயங்கி விழுந்தாள். எனக்குக் கோபம் வந்தது அன்றைக்கு மட்டும்தான். படத்தை அந்தக் கோடையிலேயே வெளியிட்டார்கள். அந்த ஷாட்டை அப்படியே வைத்திருந்தார்கள். அவருடைய உதட்டின் மேல் கான்தினி பேசினார்: பொன்னும் நாடும் உங்களுக்கு, எனக்கு இந்த மண் போதும். ஜனங்கள் அழுதார்கள். படம் ஓடிய வரை நான் தினமும் போனேன். அரங்கு நிறைய ஆட்கள் இருந்தும், அவர் நிஜமாக என்ன சொல்கிறார் என்று தெரிந்தவன் நான் ஒருவன்தான். இருட்டில் நானும் கூடவே சொல்வேன், உதடு மட்டும் அசைத்து.

பதினாறு வருஷம் இப்படியே போயிற்று. போன மாதம் ஞாயிற்றுக்கிழமை டெலிவிஷனில் அந்தப் படம் போட்டிருக்கிறார்கள். சதுப்புப் பக்கத்தில், காது கேளாத பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லும் ஒரு அம்மாள் பார்த்திருக்கிறார். எல்தா என்று பெயர் சொன்னீர்கள். அவருக்கும் பிறவியிலேயே காது கேளாது. கான்தினி அவருக்கு இல்லை. அதனால் அவர் உதட்டைப் பார்த்திருக்கிறார். தம் ஊர்ப் பேச்சு என்பதால் உடனே புரிந்திருக்கிறது. இந்த மனிதன் நடிக்கவில்லை, பெர்த்தோ என்கிற யாரையோ தூக்கச் சொல்லிக் கெஞ்சுகிறான் என்று தம் தம்பியைக் கூட்டிக்கொண்டு காவல் நிலையத்துக்கு வந்திருக்கிறார்.

இதை நீங்கள் சொன்னபோது நான் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டேன். பயம் என்று நினைத்திருப்பீர்கள். இல்லை ஐயா. சிறை எனக்குப் பெரிதில்லை. என் அறையும் அந்த அளவுதான். வேறொருவருக்கும் அவர் பேசியது கேட்டுவிட்டதே என்றுதான்.

சிவப்புத் துணியை நான்தான் நகர்த்தினேன். சைகையை நான் பார்த்தேன். வின்ச் மாட்டவில்லை. ஆணியைச் செருகியது நான். கொர்ராதோ வெஸ்ஸானியைக் கொன்றது நான். இதன் கீழ் என் பெயரை நானே எழுதிக் கையெழுத்துப் போடுகிறேன்.

ஆனால் அந்த அம்மாள் கெஞ்சுகிறான் என்று சொன்னதை மட்டும் நீங்கள் திருத்திக்கொள்ள வேண்டும். அவரைக் குற்றம் சொல்லவில்லை. உதடு வார்த்தையைக் காட்டும், குரலைக் காட்டாது. அந்தக் குரலைக் கேட்டவன் நான். மாலையில் நான் காரை நிறுத்திவிட்டு வீட்டுக்குக் கிளம்பும்போது, தனியாக இருக்கப் பிடிக்காமல், பால்கனியில் சாய்ந்து என்னை மேலே கூப்பிடுவார். அதே குரல்தான் அது, ஐயா. கூட இருக்க ஆள் வேண்டும் என்று கூப்பிட்டார். நானும் கடைசிவரை அவர் கூடவே இருந்தேன்.